பினாங்கு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகளும் அதிகம் பேசப்படாத பதில்களும்

தைப்பூசத்துக்கு வெளியூரிலிருந்து வரும் உறவினர்கள், வரலாற்றுப் பாடத்துக்கு விவரம் தேடும் மாணவர்கள், தமிழ்நாட்டிலிருந்து முதல்முறை வரும் நண்பர்கள் எனப் பலரும் கேட்கும் கேள்விகளை இங்கே திரட்டியிருக்கிறேன். பினாங்கு என்றாலே சாப்பாடு, கடற்கரை, சுவரோவியம் என்று முடித்துக்கொள்கிறார்கள். எனக்கு அது வருத்தம்தான். சிவகங்கையிலும் நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் தொடங்கிய எத்தனையோ கதைகளின் மீதி இந்தத் தீவில் கிடக்கிறது. அவை நமக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

பினாங்கின் வரலாறு 1786இல்தான் தொடங்குகிறதா?

பள்ளிப் பாடம் அப்படித்தான் தொடங்கும். 1786 ஆகஸ்ட் 11 அன்று பிரான்சிஸ் லைட் கிழக்கிந்தியக் கம்பெனிக்காக இங்கே கொடியேற்றினார். மறுநாள் வேல்ஸ் இளவரசரின் பிறந்தநாள் என்பதால் தீவுக்கு அவர் பெயரையே வைத்தார். அது ஜார்ஜ் டவுனின் தொடக்கம், அவ்வளவுதான். அதற்கு முன்பே இந்தத் தீவு கெடா சுல்தானுக்குச் சொந்தமாக இருந்தது.

இன்னும் பின்னால் போக வேண்டுமானால் கடலைத் தாண்டிப் பெருநிலத்துக்கு, அதாவது செபராங் பிறைக்குப் போக வேண்டும். குவார் கெப்பா என்ற இடத்தில் சிப்பிகளைக் குவித்து, அவற்றுக்கு நடுவே இறந்தவர்களைப் புதைத்த கற்கால மக்கள் வாழ்ந்திருக்கிறார்கள். 2017இல் அங்கே ஒரு முழு எலும்புக்கூடு கிடைத்தது. 5,000 ஆண்டுகளுக்கும் முற்பட்ட அந்த உருவத்தைப் 'பினாங்குப் பெண்' என்று அழைக்கிறார்கள்.

புக்கிட் மெர்தாஜாமில் செயின்ட் ஆன் தேவாலய வளாகத்துக்குள் ஒரு பெரிய பாறை இருக்கிறது. செரோக் தோக் குன் கல்வெட்டு அதில்தான். பல்லவர் காலத்து எழுத்து, சமஸ்கிருத மொழி. கர்னல் ஜேம்ஸ் லோ என்பவர் 1845இல் அதைப் பற்றிப் பதிவு செய்தார். ஜூலை மாதத் திருவிழாவுக்கு அந்தத் தேவாலயத்தில் கூடுகிற பெருங்கூட்டத்தில் நம்மவர்களும் நிறையப் பேர். அடுத்த முறை போகும்போது அந்தப் பாறையையும் ஒரு நடை பார்த்துவிட்டு வாருங்கள். அதே லோ 1834இல் செபராங் பிறையில் இன்னொரு கல்லையும் கண்டெடுத்தார். புத்தகுப்தன் என்ற மாலுமித் தலைவன் தன் கடற்பயணம் நல்லபடியாக அமைய வேண்டி ஏறத்தாழ 5ஆம் நூற்றாண்டில் பொறித்து வைத்த கல் அது. இப்போது கொல்கத்தா அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

பிரான்சிஸ் லைட் சிலையில் இருப்பது அவர் முகம் இல்லையாமே?

ஆமாம், அப்படித்தான் சொல்கிறார்கள். சிலையை 1936இல், 150ஆம் ஆண்டு நினைவாகச் செய்தார்கள். லைட்டின் உருவப்படம் எதுவும் கைக்குக் கிடைக்காததால் அவருடைய மகன் வில்லியம் லைட்டின் முகச்சாயலில் வடித்துவிட்டார்கள். அந்த மகன் ஆஸ்திரேலியாவின் அடிலெய்ட் நகரத்துக்கு இடம் தேர்ந்து, தெருக்களை வகுத்துக் கொடுத்தவர். அப்பா 1794இல் மலேரியா கண்டு இறந்தார். நார்தம் சாலையின் பழைய கல்லறைத் தோட்டத்தில், கள்ளி மந்தார மரங்களின் நிழலில் அவர் கல்லறை இருக்கிறது.

மருதுபாண்டியர் மகன் பினாங்கில் கைதியாக இருந்தாரா?

இருந்தார். இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிக்க நேரம் என்றால் இதைப் படியுங்கள்.

1801 அக்டோபர் 24 அன்று மருது சகோதரர்களைத் திருப்பத்தூரில் தூக்கிலிட்டார்கள். குடும்பத்து ஆண்களில் பெரும்பாலோரையும் விட்டுவைக்கவில்லை. சின்ன மருதுவின் மகன் துரைசாமிக்கு அப்போது வயது 15. அவரையும் சிவகங்கை அரசர் வேங்கன் பெரிய உடையத் தேவரையும் சேர்த்து 70க்கும் மேற்பட்டவர்களை 1802 பிப்ரவரியில் தூத்துக்குடியில் கப்பலேற்றினார்கள். கப்பலின் பெயர் அட்மிரல் நெல்சன். போய்ச் சேர வேண்டிய இடம் வேல்ஸ் இளவரசர் தீவு, அதாவது நம் பினாங்கு. வேங்கன் பெரிய உடையத் தேவர் பிறகு சுமத்ராவின் பென்கூலனுக்கு அனுப்பப்பட்டு, ஊர் திரும்பாமலே அங்கே இறந்துபோனார்.

துரைசாமியைப் பற்றி நமக்குத் தெரிவது ஓர் ஆங்கிலேய அதிகாரி எழுதி வைத்ததால்தான். ஜேம்ஸ் வெல்ஷ் என்ற அந்த அதிகாரி இளம் வயதில் சிவகங்கைச் சீமைக்குப் போனபோது சின்ன மருதுவிடம் பழகியவர். ஈட்டி எறியவும் வளரி வீசவும் தனக்குக் கற்றுக்கொடுத்ததே சின்ன மருதுதான் என்று எழுதியிருக்கிறார். பிறகு அதே சின்ன மருதுவை எதிர்த்த போரிலும் கம்பெனிப் படையில் நின்றார். 1818இல் வெல்ஷ் பினாங்குக்கு வந்திருந்தார். அங்கே உடல் நொந்து, முதுமை தட்டிப்போன தோற்றத்தில் ஒரு கைதி அவர் முன்னால் வந்து நின்றார். யார் என்று வெல்ஷுக்கு அடையாளம் தெரியவில்லை. கேட்டபோது "துரைசாமி" என்றார் அந்தக் கைதி. அந்தப் பெயர் தன் நெஞ்சைத் துளைத்துச் சென்றதாக வெல்ஷ் எழுதுகிறார். துரைசாமிக்கு அப்போது முப்பத்திரண்டு வயதுதான் இருக்கும். ஊரில் மிஞ்சியிருக்கும் உறவினர்களுக்கு ஒரு கடிதம் கொண்டுபோய்ச் சேர்க்க முடியுமா என்று அவர் கேட்டிருக்கிறார். விதிகள் அனுமதிக்கவில்லை என்று வெல்ஷ் மறுத்துவிட்டார்.

ஜார்ஜ் டவுனின் பழைய சாலைகளையும் வடிகால்களையும் போட்டதில் இந்தியாவிலிருந்து நாடு கடத்தப்பட்ட கைதிகளின் உழைப்பு பெரும்பங்கு. அவர்கள் எல்லோரும் திருடர்கள் என்று நினைத்துவிடாதீர்கள். அரசை எதிர்த்ததற்காக வந்தவர்களும் அந்தக் கூட்டத்தில் இருந்தார்கள். துரைசாமியின் பெயரை மலேசியத் தமிழ்ப் பிள்ளைகள் ஒவ்வொருவருக்கும் சொல்லித்தர வேண்டும் என்று உறுதியாக நினைக்கிறேன்.

மலாயாவில் தமிழ் வகுப்பு முதலில் எங்கே நடந்தது?

பினாங்கில்தான். 1816 அக்டோபர் 21 அன்று பாதிரியார் ஹட்சிங்ஸ் தொடங்கிய பினாங்கு ஃப்ரீ ஸ்கூலில் தமிழுக்கும் ஒரு வகுப்பு இருந்தது. அது நீண்ட நாள் நீடிக்கவில்லை. ஆனாலும் இந்த நாட்டில் தமிழ்க் கல்வியின் வயதை அங்கிருந்தே எண்ணுகிறோம். 2016இல் மலேசியத் தமிழ்ப்பள்ளிகளின் 200ஆம் ஆண்டைக் கொண்டாடியது அந்தக் கணக்கில்தான்.

நாகூர் ஆண்டவருக்குப் பினாங்கில் எப்படித் தர்கா வந்தது?

அடக்கமாகியிருப்பது நாகூரில். இங்கே சூலியா தெருவில் இருப்பது அவர் நினைவாக எழுப்பியது. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே நம் கரையோரத்துத் தமிழ் முஸ்லிம் வணிகர்கள் கட்டியிருக்கிறார்கள். கடலைக் கடந்து பத்திரமாக வந்து சேர்ந்ததற்கு நன்றி சொல்ல அவர்களுக்கு ஓர் இடம் வேண்டியிருந்தது. கொஞ்ச தூரத்தில் 1801இல் காதிர் முகைதீன் நிறுவிய கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல், குவீன் தெருவில் 1833இல் எழுந்த மகாமாரியம்மன் கோயில், சீனர்களின் குவான் யின் கோயில், 1818இல் கட்டிய செயின்ட் ஜார்ஜ் தேவாலயம். எல்லாவற்றையும் அரை மணி நேரத்துக்குள் நடந்தே பார்த்துவிடலாம்.

தாத்தா 'ரஜூலா'வில் வந்தார் என்கிறார்களே, அது என்ன கப்பல்?

1926இல் ஓடத் தொடங்கிய பயணிகள் கப்பல். சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, கிள்ளான், சிங்கப்பூர் என்று ஏறத்தாழ அரை நூற்றாண்டு போய் வந்துகொண்டிருந்தது. தொடக்கத்தில் மேல்தளத்தில் மட்டும் 5,000க்கும் மேற்பட்டவர்களை ஏற்றிச் செல்ல அதற்கு அனுமதி இருந்தது. மேல்தளப் பயணி என்றால் அறை கிடையாது. பாயை விரித்த இடம்தான் அவருடைய இடம். அதற்குப் பின்னால் வந்தது 'சிதம்பரம்'. 1985இல் நடுக்கடலில் தீப்பிடித்ததோடு அந்தக் கப்பலின் ஓட்டமும் நின்றது.

பினாங்குக்கு வந்து இறங்கியதும் நேராக ஊருக்குள் விட்டுவிட மாட்டார்கள். ஜெரெஜாக் தீவில் நோய்த்தடுப்பு முகாம் இருந்தது. அம்மையோ காலராவோ இருக்குமோ என்ற சந்தேகத்தில் வந்தவர்களை அங்கே நிறுத்தி வைப்பார்கள். அந்தத் தீவில் தொழுநோயாளிகளுக்கான குடியிருப்பும் இருந்தது, 1969 முதல் 1993 வரை சிறையும் இருந்தது. பினாங்குப் பாலத்தில் தீவை நோக்கி வரும்போது இடப்பக்கம் தெரியும் பச்சைக் குன்று அதுதான். உங்கள் வீட்டில் இன்னும் ரஜூலா நினைவுள்ள பெரியவர் இருந்தால் அவரிடம் உட்கார்ந்து கேட்டு எழுதி வையுங்கள், தள்ளிப்போடாதீர்கள்.

சென்னையில் குண்டு போட்ட எம்டன் பினாங்குக்கும் வந்ததா?

வந்தது. வந்து சென்னையைவிடப் பெரிய சேதத்தை இங்கே செய்துவிட்டுப் போனது. 1914 செப்டம்பர் 22 இரவு சென்னைத் துறைமுகத்தின் எண்ணெய்த் தொட்டிகளை எரித்த ஜெர்மன் போர்க்கப்பல் எம்டன், ஐந்து வாரம் கழித்து அக்டோபர் 28 விடியலில் பினாங்குத் துறைமுகத்துக்குள் நுழைந்தது. அதற்கு மூன்று புகைபோக்கிகள். பிரிட்டிஷ் கப்பல் போலத் தெரிய வேண்டும் என்று பொய்யாக நான்காவது ஒன்றைச் செய்து நிறுத்தியிருந்தார்கள். உள்ளே நங்கூரமிட்டிருந்தது ரஷ்யாவின் ஜெம்சுக். 1905இல் ஜப்பானியரிடம் ரஷ்யக் கடற்படை சின்னாபின்னமான சுஷிமா போரில்கூடத் தப்பித்து வந்த கப்பல் அது. அன்றைக்கு அதன் தலைவர் கப்பலில் இல்லை, கரையில் இருந்தார். எம்டன் மிக நெருங்கி வந்து ஏவிய டார்பீடோக்களில் ஜெம்சுக் மூழ்கியது. வெளியேறும் வழியில் பிரெஞ்சுக் கப்பல் மூஸ்கேயையும் எம்டன் மூழ்கடித்தது. ஆனால் தண்ணீரில் தத்தளித்த பிரெஞ்சு மாலுமிகளை நின்று மீட்டுக்கொண்டுதான் போனது.

நம் வீடுகளில் 'அவன் பெரிய எம்டன்' என்கிறோமே, அந்த எம்டன்தான் இது. இறந்த ரஷ்ய மாலுமிகளின் நினைவிடம் வெஸ்டர்ன் சாலைக் கல்லறைத் தோட்டத்தில் இருக்கிறது. அவர்களில் சிலரை ஜெரெஜாக்கிலும் புதைத்திருக்கிறார்கள்.

பினாங்கில் உளவுப் பள்ளி இருந்ததா?

ஜப்பானியர் ஆட்சியில் இருந்தது. 1942இல் இந்திய சுதந்திரச் சங்கத்தினர் ஃப்ரீ ஸ்கூல் கட்டடத்தில் சுயராஜ்யப் பயிற்சிக்கூடம் ஒன்றை நடத்தினார்கள். பினாங்கில் வழக்கறிஞராக இருந்த என். ராகவன் அதை முன்னின்று நடத்தினார். மலாயாவில் இருந்த இந்திய இளைஞர்களுக்கு இரகசியமாக வேவு பார்க்கவும் செய்தி அனுப்பவும் கற்றுக்கொடுத்து, இந்தியாவுக்குள் அனுப்புவதுதான் திட்டம்.

அந்த ஆண்டு செப்டம்பரில் ஓர் அணி இங்கிருந்து ஜப்பானிய நீர்மூழ்கிக் கப்பலில் புறப்பட்டு, கேரளக் கரையில் தானூர் அருகே இறங்கியது. உடனே பிடிபட்டார்கள். விசாரணை சென்னையில் நடந்தது. அந்த அணியில் இருந்த வக்கம் அப்துல் காதருக்கும் அதே பயிற்சிக்கூடத்திலிருந்து போன வேறு மூவருக்கும் 1943 செப்டம்பர் 10 அன்று சென்னைச் சிறையில் தூக்கு. காதருக்கு வயது 26. பாடசாலை வாசலைக் கடந்து போகும்போதெல்லாம் எனக்கு இந்த வயதுதான் நினைவுக்கு வரும். பேருந்துக்குக் காத்திருக்கும் மாணவர்களைவிட ஒரு பத்து வயது மூத்தவர்கள், அவ்வளவே.

அதே துறைமுகத்தை ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல்களும் 1943 முதல் தளமாகப் பயன்படுத்தின என்பதும் பலருக்குத் தெரியாத செய்தி.

கோட்டையில் உள்ள பீரங்கிக்குப் பூ வைப்பது ஏன்?

கார்ன்வாலிஸ் கோட்டையில் இருக்கும் அந்தப் பீரங்கியின் பெயர் ஸ்ரீ ரம்பை. டச்சுக்காரர்கள் 1603இல் வார்த்தது. ஜொகூரிடமிருந்து அச்சே பறித்தது, அச்சேயிடமிருந்து சிலாங்கூருக்குப் போனது, 1871இல் பிரிட்டிஷார் அதைப் பினாங்குக்குக் கொண்டுவந்தார்கள். சில ஆண்டுகள் கடலுக்குள்ளும் கிடந்தது. குழந்தை வரம் வேண்டும் பெண்கள் அதன் வாயில் பூ வைத்து வேண்டிக்கொள்ளும் பழக்கம் இருந்து வந்திருக்கிறது.

தைப்பூசத்தில் சீனர்கள் ஏன் தேங்காய் உடைக்கிறார்கள்?

வேண்டுதல்தான், வேறென்ன. தொழில் நன்றாக நடக்க, நோய் தீர, பிள்ளை தேற என்று நாம் வேண்டுவதையே அவர்களும் வேண்டுகிறார்கள். தைப்பூசத்துக்கு முதல்நாள் பினாங்குத் தெருக் கோயில் வீட்டிலிருந்து நகரத்தாரின் வெள்ளி ரதம் புறப்பட்டுத் தண்ணீர்மலைக்குப் போகும். வழிநெடுகச் சாலை ஓரத்தில் தேங்காய்கள் மலை மலையாகக் குவிந்திருக்கும். அவற்றில் பெரிய குவியல்கள் பலவும் சீனக் குடும்பங்களுடையவை. ரதம் வருவதற்கு முன்னால் அத்தனையும் உடைபட வேண்டும். உடைத்ததை அள்ளி வழி ஒதுக்கவும் வேண்டும். அதனால்தான் சில கிலோமீட்டர் தூரத்துக்கு ஒரு முழு நாள் ஆகிறது. 2017 முதல் தங்க ரதமும் போகிறது. மலைமேல் கோயிலுக்கு 513 படிகள். இப்போதுள்ள கோயில் 2012இல் குடமுழுக்குக் கண்டது.

நாசி கண்டார் யாருடைய சமையல்?

தமிழ் முஸ்லிம்களுடையது. தோளில் கம்பு வைத்து, ஒரு பக்கம் சோறும் மறுபக்கம் குழம்பும் தொங்கவிட்டுத் துறைமுகத் தொழிலாளிகளுக்கு விற்றுவந்த சாப்பாடு அது. 1907இல் தொடங்கிய ஹமீடியா இன்றும் கேம்பல் தெருவில் நடக்கிறது. குழம்புகளைக் கலந்து ஊற்றச் சொல்லிச் சாப்பிடுங்கள், அதுதான் முறை.

ஜாதிக்காய் பினாங்கின் சொந்தப் பயிரா?

இல்லை. மலுக்குத் தீவுகளின் மரம். டச்சுக்காரர்கள் நீண்ட காலம் அதைத் தங்கள் கைக்குள்ளேயே வைத்திருந்தார்கள். அந்தத் தீவுகள் சில காலம் பிரிட்டிஷார் வசம் வந்தபோது, 1800ஐ ஒட்டிய ஆண்டுகளில், கிறிஸ்டோபர் ஸ்மித் என்ற தாவரவியலாளர் நாற்றுகளை ஆயிரக்கணக்கில் இங்கே அனுப்பினார். பினாங்கு முழுக்க ஜாதிக்காய்த் தோப்பானது. 1860 வாக்கில் ஒரு நோய் வந்து பெரும்பாலான தோப்புகளை அழித்தது. பாலிக் புலாவில் மிஞ்சியதுதான் இன்றைக்கு நாம் குடிக்கும் ஜாதிக்காய்ச் சாறு. தமிழ்நாட்டுக்காரர்கள் விதையையும் பத்திரியையும் மட்டுமே அறிவார்கள். சதைப்பற்றை ஊறவைத்துத் தின்பது அவர்களுக்கு ஆச்சரியமாக இருக்கும்.

பாம்புக் கோயில் பாம்புகள் கடிக்காதா?

கடிக்கும். நஞ்சும் உண்டு. பாயான் லெப்பாஸ் சீனக் கோயிலில் இருப்பவை வாக்ளர் குழிவிரியன்கள். இரவில் இரை தேடும் இனம். பகலில் கிளையோடு கிளையாக அசையாமல் கிடக்கும். ஊதுபத்திப் புகைக்குக் கட்டுப்பட்டவை என்பது பக்தர்களின் நம்பிக்கை, அதை மதிக்கிறேன். ஆனால் குழந்தைகளைத் தொட விடாதீர்கள். அங்கே இரண்டு வகைப் பாம்பு இருப்பதாகத் தோன்றும். உண்மையில் ஒரே இனம்தான். கறுப்பும் மஞ்சளுமாகத் தடித்திருப்பது பெண், ஒல்லியாகப் பச்சையாக இருப்பது ஆண்.

காட்டில் என்ன விசேஷம்?

நிறைய இருக்கிறது. எனக்குப் பிடித்த மூன்றைச் சொல்கிறேன்.

முதலாவது, பினாங்கில் வளரும் வெள்ளைப் பட்டைக் குடுவைத் தாவரம். மற்றக் குடுவைத் தாவரங்கள் எந்தப் பூச்சி விழுந்தாலும் தின்னும். இது கறையானைக் குறி வைக்கிறது. வாயைச் சுற்றியுள்ள வெள்ளை மயிர்களைக் கறையான்களுக்கு உணவாகக் கொடுக்கிறது. மேயும்போதே அவை ஒன்றையொன்று தள்ளி உள்ளே விழுகின்றன. ஒரே இரவில் ஆயிரக்கணக்கில்கூட விழும். மயிர் தீர்ந்ததும் கறையான்கள் திரும்பிப் பார்ப்பதில்லை.

இரண்டாவது, டுரியான். அதன் பூ இரவில் விரியும். மகரந்தம் சேர்ப்பதில் பெரும்பங்கு தேன் குடிக்கும் வௌவால்களுக்கு. பாலிக் புலாவில் ஜூன், ஜூலையில் நாம் விலை பேசும் பழத்துக்குப் பின்னால் அவற்றின் உழைப்பு இருக்கிறது. குகைகளைக் கெடுத்து, வௌவாலை விரட்டினால் பழமும் குறையும்.

மூன்றாவது, கண்ணைச் சுற்றி வெள்ளை வளையம் உள்ள மந்திகள். பெரியவை சாம்பலும் கறுப்புமாக இருக்கும், பிறந்த குட்டியோ பளிச்சென்ற ஆரஞ்சு நிறம். தெலுக் பஹாங் சாலையில் இவை வாகனத்தில் அடிபட்டுச் செத்துக்கொண்டிருந்தன. 2019இல் பழைய தீயணைப்புக் குழாய்களைக் கொண்டு சாலைக்கு மேலே ஒரு பாலம் கட்டினார்கள். மந்திகள் அதைப் பயன்படுத்தவும் பழகிவிட்டன. தீர்வு இவ்வளவு எளிமையாகவும் இருக்கலாம் என்பது எனக்குப் பெரிய நிம்மதி.

தேசியப் பூங்காவில் இரட்டை ஏரி இருக்கிறதா?

ஒரே ஏரிதான், ஆனால் இரண்டு அடுக்கு. பந்தாய் கெராச்சுட் கடற்கரைக்குப் பக்கத்தில் மேலே மலையிலிருந்து வரும் நன்னீர், அடியில் கடல்நீர். இரண்டும் கலப்பதில்லை. வறண்ட மாதங்களில் தண்ணீர் வெகுவாகக் குறைந்திருக்கும். அதே கடற்கரையில் பச்சை ஆமைகள் முட்டையிடுகின்றன, பாதுகாப்பு மையமும் அங்கேயே இருக்கிறது.

இவற்றையெல்லாம் ஒரே நாளில் பார்க்க முடியுமா?

முடியாது. இரண்டு நாள் வைத்துக்கொள்ளுங்கள். முதல் நாள் காலை பசியாறிவிட்டுக் கோட்டையில் தொடங்கி, குவீன் தெருக் கோயில், கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல், தர்கா என்று நடந்து முடியுங்கள். வெயில் தாழ்ந்ததும் வெஸ்டர்ன் சாலைக் கல்லறைத் தோட்டம், அப்புறம் தண்ணீர்மலை. இவை இரண்டும் பக்கம் பக்கம்தான். இரண்டாம் நாள் தெலுக் பஹாங்குக்கு 101ஆம் எண் பேருந்தில் போய்விடலாம். கெராச்சுட் வரை காட்டுப்பாதை ஏற்ற இறக்கமானது, குடிநீரைக் கையோடு கொண்டுபோங்கள், மாலைக்குள் திரும்பிவிடுங்கள். பாம்புக் கோயில் விமான நிலையத்துக்குப் போகும் வழியில் இருப்பதால் கிளம்பும் நாளில் பார்க்கலாம். புக்கிட் மெர்தாஜாம் கல்வெட்டுக்கு மட்டும் கடலைத் தாண்ட வேண்டும். கோலாலம்பூரிலிருந்து ரயிலில் வருபவர்கள் பட்டர்வொர்த் வரை வராமல் புக்கிட் மெர்தாஜாமிலேயே இறங்கி, அதை முதலில் பார்த்துவிட்டு வந்தால் அலைச்சல் மிச்சம்.